நாறாத செருப்பு – ஒரு வரலாற்று மோப்பம்

டிஸ்கி: சாப்பிட்டுக்கிட்டே படிக்கறவங்க தட்டைக் கழுவி வச்சிட்டு வாங்க. பதிவு முழுக்க நாத்தம்தான். அப்புறம் சண்டைக்கு வரப்படாது, சொல்லிட்டேன்.

போன ஜூலையில ஒரு ராத்திரி. பெங்களூர்ல நாங்க மூணு பேர், மூணு பேருமே பொட்டி தட்டுறவங்க, சேர்ந்து ஒரு வீடு எடுத்து இருக்கோம். அன்னைக்கு ஆணியெல்லாம் புடுங்கி முடிச்சு வந்து கதவைச் சாத்திட்டு உக்காந்தா, ரூம்மேட் மூக்கைச் சுளிக்கறான். "மச்சி, எலி ஏதாச்சும் செத்துக் கெடக்குதாடா?" சமையல் ரூம்ல சிலிண்டரை நகர்த்திப் பாத்தோம். ஃப்ரிட்ஜைத் திறந்து பாதி தின்ன சீஸ் பாக்கெட்டை சந்தேகத்தின் பேர்ல தூக்கிப் போட்டோம். (அந்த அப்பாவி சீஸுக்கும் இந்தக் கதைக்கும் சம்பந்தம் இருக்கு, பின்னாடி வருது.) கடைசியில மோப்பம் புடிச்சு வந்து நின்ன இடம் வாசப்படி. குற்றவாளி, என்னோட பச்சைக் கலர் நுரைச் செருப்பு.

க்ராக்ஸ் மாடல்னு பிளாட்பாரத்துல விக்கறானே, மேல ஓட்டை ஓட்டையா, பின்னாடி ஒரு வாரோட, அதேதான். மழைக்காலத்துல தோல் ஷூ ஊறிப்போகுதேன்னு தினமும் ஆபீஸுக்கே அதைத்தான் மாட்டிட்டுப் போயிட்டிருந்தேன், சாக்ஸோட. வாங்கும்போது கடைக்காரர் சொன்ன வசனம் இன்னும் ஞாபகம் இருக்கு. "சார், இது ஃபோம். தண்ணியும் ஏறாது, நாத்தமும் ஏறாது." நாலு வருஷம் இன்ஜினியரிங் படிச்ச நான், ரெண்டாவது பாதியை எப்படி நம்பினேன்னு இப்ப வரைக்கும் புரியல.

அவமானம் தாங்காம அன்னைக்கு ராத்திரியே தேட உக்காந்தேன். செருப்பைக் கழுவறது எப்படின்னுதான் தேட ஆரம்பிச்சேன். அது எங்கெங்கயோ இழுத்துட்டுப் போய், கடைசியில எங்க அப்பாவோட கால்ல கொண்டுபோய் விட்டுடுச்சு. அந்தக் கதைதான் இந்தப் பதிவு.

முதல்ல செருப்போட பூர்வீகம். அமெரிக்காவுல கொலராடோ மாநிலத்துக்காரங்க மூணு நண்பர்கள், ஸ்காட் சீமன்ஸ், லிண்டன் ஹான்சன், ஜார்ஜ் போடெக்கர். படகுப் பயணம் போறதுல ஆர்வம் உள்ளவங்க. கனடாவுல கியூபெக் நகரத்துல ஃபோம் க்ரியேஷன்ஸ்னு ஒரு கம்பெனி நுரையில கட்டை மாதிரி ஒரு செருப்பை வார்த்துக்கிட்டு இருந்தது. அதுல பின்னாடி ஒரு வாரைச் சேர்த்து, படகுல போட்டுக்கற செருப்பா விக்கலாம்னு கிளம்பினாங்க. 2002-இல் ஃப்ளோரிடாவுல ஃபோர்ட் லாடர்டேல் படகுக் கண்காட்சியில கொண்டுபோய் வச்ச 200 ஜோடியும் வித்துப் போச்சு. தண்ணியிலயும் தரையிலயும் திரியறதால முதலைப் பேரை வச்சாங்க. 2004-இல் அந்த கனடா கம்பெனியையே வாங்கிட்டாங்க. 2006 பிப்ரவரியில பங்குச் சந்தைக்கு வந்து 20 கோடி டாலருக்கு மேல திரட்டினாங்க. செருப்புக் கம்பெனி ஒண்ணு அதுவரைக்கும் அமெரிக்காவுல அவ்வளவு திரட்டினதில்ல. ரெண்டே வருஷத்துல, 2008-இல், 18 கோடி டாலருக்கு மேல நஷ்டம். 2010-இல் டைம் பத்திரிகை உலகத்தின் 50 மோசமான கண்டுபிடிப்புகள்ல இதையும் சேர்த்துச்சு. அதுக்கப்புறம் எந்திரிச்சு நின்னது தனிக்கதை. நமக்கு வேண்டியது நாத்தம்.

இந்த வரலாற்றுல நான் கவனிக்க விரும்பறது ஒரே ஒரு விஷயம். இது *படகுச்* செருப்பு. மேல இருக்கற ஓட்டை காத்து வர, பக்கத்து ஓட்டை தண்ணி வடிய. வெறுங்காலோட போட்டு, கடல் தண்ணியில நனைஞ்சு, வெயில்லயும் காத்துலயும் காஞ்சு, மறுபடி நனையணும். அதுக்காக வடிவமைச்சது. அதை வாங்கி சாக்ஸ் மாட்டி, ஏசி ஆபீஸ்ல மேஜைக்கு அடியில பத்து மணி நேரம் வச்சிருந்தது யாரு? ஹி ஹி.

சரி, நுரைன்னா என்ன? பெரும்பாலும் ஈ.வி.ஏ.ங்கற பிளாஸ்டிக். எத்திலீனும் வினைல் அசிட்டேட்டும் சேர்ந்தது. 1970-களின் நடுவுல இருந்தே ஓட்டப்பந்தய ஷூவோட அடிப்பாகத்துல மெத்தையா இதைப் போட ஆரம்பிச்சுட்டாங்க. இதைச் சூடாக்கி உள்ளே வாயுக் குமிழ்களை உண்டாக்கி உப்ப வைக்கறாங்க. குமிழ் ஒவ்வொண்ணும் தனித்தனியா மூடி இருக்கும். இட்லிக்கும் தெர்மாகோலுக்கும் உள்ள வித்தியாசம்தான். இட்லியில ஓட்டைக்கு ஓட்டை வழி உண்டு, சாம்பார் ஊத்தினா உள்ள வரைக்கும் போகும். தெர்மாகோல்ல ஊத்தினா மேலயே நிக்கும். (யாரும் செஞ்சு பாக்காதீங்க, சாம்பார் வேஸ்ட்.) நுரைச் செருப்பு தெர்மாகோல் ஜாதி. தண்ணி உள்ளே போகாது. கடைக்காரர் வசனத்துல முதல் பாதி நூத்துக்கு நூறு உண்மை.

ரெண்டாவது பாதியில சிக்கல். வேர்வையும் தண்ணிதானே? அதுவும் உள்ளே போகாது. பருத்தித் துணியும் தோலும் கொஞ்சமாச்சும் உறிஞ்சும். நுரை உறிஞ்சாது. அப்ப வேர்வை எங்க போகும்? காலுக்கும் செருப்புக்கும் நடுவுலயே நிக்கும். அந்த உள்தளத்துல காலுக்கு மசாஜ் மாதிரி இருக்கட்டும்னு புள்ளி புள்ளியா வச்சிருப்பான் பாருங்க, அந்தப் புள்ளிகளுக்கு நடுவுல வேர்வையும் உதிர்ந்த தோலும் சேர்ந்து கருப்பா ஒரு பசை. நெனச்சாலே குமட்டுதா? எனக்கும்தான்.

'நாத்தம் புடிக்காது', 'கிருமி வளராது'ங்கற மாதிரி வசனங்களைப் பேசினது பிளாட்பாரக் கடைக்காரர் மட்டும் இல்ல. 2009-இல் க்ராக்ஸ் கம்பெனியே இதுல மாட்டிக்கிச்சு. செருப்பு கிருமிகளைத் தடுக்கும்னு ஆதாரம் இல்லாம சொல்லி வித்ததா அமெரிக்க சுற்றுச்சூழல் பாதுகாப்பு நிறுவனம் புடிச்சது. 2,30,000 டாலர் கட்டி வழக்கை முடிச்சுக்கிட்டாங்க. எனக்கு இதுல ரொம்பப் பிடிச்சது எந்தச் சட்டத்துல புடிச்சாங்கங்கறதுதான். பூச்சிக்கொல்லிச் சட்டம்! 1947-ஆம் வருஷத்துச் சட்டம் அது. பூச்சி, பூஞ்சை, எலி எல்லாம் அதுல வரும், கிருமியும் வரும். அதனால 'இது கிருமியைக் கொல்லும்'னு ஒரு பொருளைப் பத்திச் சொன்னா, சட்டத்தோட கண்ணுக்கு அது பூச்சிக்கொல்லி. பதிவு பண்ணணும், சோதனை முடிவு காட்டணும். ஆக, வாயை விட்டதால செருப்பு பூச்சிமருந்து ஆயிடுச்சு. அதே 2009-இல் தி நார்த் ஃபேஸ் கம்பெனி மேலயும் வழக்கு. ஷூ உள்தளத்துல வெள்ளி கலந்திருக்கோம், பாக்டீரியா வளராதுன்னு சொன்னாங்க. அவங்களும் பின்னாடி 2,07,500 டாலர் கட்டினாங்க.

ரெண்டு வழக்குமே செருப்பைப் பத்தினது இல்ல, செருப்பைப் பத்திச் சொன்ன வாக்கியத்தைப் பத்தினதுன்னு கவனிங்க. செருப்புல தப்பு இல்ல. அது பாட்டுக்கு செருப்பா இருந்துச்சு.

அப்ப நாத்தம் உண்மையில எங்க இருந்து வருது? இதுக்குப் பதில் தேடினது ஜப்பான்காரங்க. யோகோஹாமாவுல இருக்கற ஷிசெய்டோ, அழகுசாதனக் கம்பெனி, அவங்க ஆராய்ச்சி மையத்துல எஃப். காண்டாவும் கூட்டாளிகளும் கால் நாத்தம் உள்ளவங்க, இல்லாதவங்கன்னு பிரிச்சு, சாக்ஸையும் வேர்வையையும் எடுத்துப் பகுத்துப் பாத்தாங்க. 1990-இல் பிரிட்டிஷ் தோல் மருத்துவ இதழ்ல கட்டுரை வந்துச்சு. முக்கியக் குற்றவாளி ஐசோவலெரிக் அமிலம். கால்ல நாத்தம் இருந்தவங்ககிட்ட அது இருந்துச்சு, இல்லாதவங்ககிட்ட இல்ல. புது வேர்வைக்கு வாசனையே கிடையாது. அதுல இருக்கற லூசின்ங்கற அமினோ அமிலத்தை, நம்ம தோல்மேல எப்பவுமே குடியிருக்கற ஸ்டஃபைலோகாக்கஸ் எபிடெர்மிடிஸ்ங்கற சாதாரண பாக்டீரியா தின்னுட்டுக் கழிக்கற கழிவுதான் அந்த அமிலம். இந்த ஆராய்ச்சிக்கு 1992-இல் 'இக் நோபல்' பரிசு கொடுத்தாங்க. முதல்ல சிரிக்க வச்சு அப்புறம் யோசிக்க வைக்கற ஆராய்ச்சிக்குக் கொடுக்கற கேலிப் பரிசு அது. தன் கால் நாறுதுன்னு நெனைக்கறவங்களுக்கு நாறுது, நாறலைன்னு நெனைக்கறவங்களுக்கு நாறலைங்கற முடிவை மெச்சிக் கொடுத்தாங்களாம்.

இந்த இடத்துல ஒரு சின்ன ஆட்சேபம். எங்க ஆபீஸ்ல ஒருத்தர் இருக்கார், அவருக்கு மட்டும் தன் நாத்தம் தெரியவே தெரியாது. அவரை மன்னிக்க எனக்கு அறிவியல் ஆதாரம் கிடைச்சுது. 1960-கள்லயே ஜான் அமூர்ங்கற விஞ்ஞானி, மத்த வாசனையெல்லாம் நல்லாத் தெரிஞ்சும் இந்த வேர்வை அமில வாசனை மட்டும் தெரியாத ஒரு சிறு கூட்டம் மனுஷங்கள்ல உண்டுன்னு காட்டியிருக்கார். பிறவியிலயே வாங்கிட்டு வந்த வரம்.

சீஸ் கதைக்கு வரேன். லிம்பர்கர்னு ஐரோப்பாவுல ஒரு சீஸ், நாத்தத்துக்குப் பேர் போனது. அதைப் பழுக்க வைக்கற பாக்டீரியா பேரு ப்ரெவிபாக்டீரியம். மனுஷன் தோல்ல, விரல் இடுக்குல இருக்கறது அதோட ஒண்ணுவிட்ட சகோதரன். ஆக எங்க ரூம்மேட் மூக்கு தப்பே பண்ணல. நெதர்லாந்துக்காரர் பார்ட் நோல்ஸ் இன்னும் ஒரு படி மேல போனார். ஆப்பிரிக்காவுல மலேரியாவைப் பரப்பற அனாஃபிலஸ் கேம்பியே கொசு பெரும்பாலும் காலைப் பாத்துக் கடிக்குதேன்னு யோசிச்சு, லிம்பர்கர் சீஸை வச்சுப் பாத்தார். கொசு வந்துச்சு! 1996-இல் வெளியான இந்த வேலைக்கு 2006-இல் அவருக்கும் ஒரு இக் நோபல்.

இன்னொரு விஷயமும் பொட்டி தட்டறவங்களுக்காக. உடம்புல வேற இடமெல்லாம் சூட்டுக்கு வேர்க்கும். உள்ளங்கையும் உள்ளங்காலும் மனப் பதட்டத்துக்கும் வேர்க்கும். ரிலீஸ் அன்னைக்கு ஏசியில உக்காந்திருந்தாலும் கால் ஈரமாகறது அதனாலதான். மேனேஜர்கிட்ட சொல்லிப் பாருங்க.

இப்ப கொசுவத்தியைச் சுத்தறேன், கொஞ்சம் பொறுத்துக்கங்க.

தேடிக்கிட்டே போனப்ப ஒரு தோல் நோயைப் பத்தின பக்கம் வந்துச்சு. உள்ளங்கால்ல, அதுவும் குதிகால்லயும் விரலுக்குக் கீழ இருக்கற மேட்டுலயும், ஊசியால குத்தின மாதிரி சின்னச் சின்னப் பள்ளங்கள். ஈரமானா வெள்ளையா ஊதிக்கிட்டு சல்லடை மாதிரி தெரியும். கூடவே கடும் நாத்தம். படத்தைப் பாத்ததும் எனக்குப் பக்குன்னு ஆயிடுச்சு. அது எங்க அப்பாவோட கால்.

அப்பா கோயமுத்தூர்ல ஒரு பவுண்டரியில வேலை பாத்தார். இரும்பு உருக்கி வார்க்கற இடம். முன்பக்கம் இரும்புத் தொப்பி வச்ச ரப்பர் அடி பூட்ஸ், கெட்டியான நைலான் சாக்ஸ். ஷிப்ட் எட்டு மணி நேரம், ஓவர்டைம் பாத்தா பன்னெண்டு. வருஷத்துக்கு ஒரு ஜோடிதான் கொடுப்பாங்க. வீட்டுக்கு வந்து வாசல் திண்ணையில உக்காந்து பூட்ஸைக் கழட்டுவார். நான் அப்ப ஏழாவதோ எட்டாவதோ. எங்க வீதிப் பசங்க வீட்டுக்கு வந்து கேரம் ஆடற நேரம் பாத்துத்தான் அவரும் வருவார். ஒருநாள் ஒரு பையன் மூக்கைப் பொத்திக்கிட்டு சிரிச்சான். மறுநாள் நான் அப்பாகிட்ட, "நீங்க பின்பக்கமா வாங்கப்பா, அங்கயே கழட்டுங்க"ன்னு சொன்னேன். அவர் ஒண்ணும் சொல்லல. அதுக்கப்புறம் ரிட்டயர் ஆகற வரைக்கும் பின்பக்கமாத்தான் வந்தார். அம்மா ராத்திரி அவர் கால் கழுவி வரும்போது அந்தப் பள்ளங்களைப் பாத்துட்டு, "உடம்புச் சூடு, எண்ணெய் தேச்சுக் குளிங்க"ன்னு சொல்லுவாங்க. ஆஸ்பத்திரிக்குப் போகற விஷயமா அது யாருக்கும் தோணவே இல்ல. வேலை செய்யற கால் அப்படித்தான் இருக்கும்னு நெனச்சோம். நான் வேற மாதிரியும் நெனச்சேன். அப்பா காலைச் சரியாக் கழுவறதில்லைன்னு.

அந்த நோயை முதல்ல மருத்துவ உலகத்துக்கு எழுதினவர் ஆல்டோ காஸ்டெல்லானிங்கற இத்தாலி மருத்துவர். எங்க தெரியுமா? இலங்கையில. கொழும்புல நுண்ணுயிர் ஆய்வாளரா இருந்தப்ப, 1910-இல். அவர் பாத்தது பூட்ஸ் போட்டவங்களை இல்ல, மழைக்காலத்துல வெறுங்காலோட நடந்தவங்களை. அப்பறம் வியட்நாம் போர்ல சேத்துலயும் தண்ணியிலயும் நாள் கணக்கா பூட்ஸைக் கழட்டாம கிடந்த அமெரிக்கச் சிப்பாய்களுக்கு வந்தப்பதான் இதை நிறைய ஆராய்ஞ்சாங்க. வெறுங்காலா பூட்ஸாங்கறது கணக்கே இல்ல. கால் எவ்வளவு நேரம் ஈரமா இருந்துச்சுங்கறதுதான் கணக்கு. இதுக்குக் காரணமான பாக்டீரியாக்கள்ல ஒண்ணு கைட்டோகாக்கஸ் செடென்டேரியஸ். பாதத்தோட தடிச்ச மேல்தோலைக் கரைச்சுத் தின்னும், அதான் பள்ளம். கந்தகம் கலந்த வாடையையும் விடும். மேல தடவற ஆன்டிபயாட்டிக் மருந்துலயே பெரும்பாலும் சரியாகிடும். சில வாரம்தான்.

சில வாரம். அப்பா இருபது வருஷத்துக்கு மேல பின்பக்கமா வந்தார்.

மறுநாள் அவருக்கு போன் பண்ணினேன். சுத்தி வளைச்சுக் கேட்டேன், "கால்ல அந்த ஓட்டை எல்லாம் இன்னும் இருக்காப்பா?" "அது வேலைய விட்டு நின்னதும் அதுவா போயிருச்சு கண்ணு. ஏன், உனக்கும் வந்திருச்சா?" இல்லப்பான்னு சொல்லிட்டு பேச்சை மாத்திட்டேன்.

கொசுவத்தி அணைச்சாச்சு. நாத்தத்தை வச்சுக் காசு பாத்தவங்க கதையைச் சுருக்கமா சொல்லிடறேன், ஏன்னா அங்கதான் இந்த வெக்கம் எப்படி வளர்ந்துச்சுன்னு தெரியும். சிகாகோவுல வில்லியம் ஷோல் 1904-இல் கால் பாதத்துக்கான முதல் சரக்கை இறக்கினார். எலும்புக்கூடு பாதம் ஒண்ணைக் கையில எடுத்துக்கிட்டு செருப்புக் கடை கடையா ஏறி இறங்கினவர். அதே காலத்துல ஓடோரோனோன்னு ஒரு வேர்வை மருந்து. ஒரு அறுவை மருத்துவர் ஆபரேஷன் செய்யும்போது கை வேர்க்கக் கூடாதுன்னு தனக்காகச் செஞ்சது. அவர் பொண்ணு எட்னா மர்ஃபி அதை அக்குளுக்குன்னு விக்க ஆரம்பிச்சாங்க. 1919-இல் அதுக்கு வந்த ஒரு விளம்பரம், உங்ககிட்ட நாத்தம் அடிக்குது, உங்களுக்குத்தான் தெரியல, உங்க முதுகுக்குப் பின்னாடி பேசறாங்கங்கற தொனியில இருந்துச்சு. பெண்கள் பத்திரிகை ஒண்ணுல அதைப் பாத்துட்டு சுமார் 200 வாசகிகள் சந்தாவை நிறுத்தினாங்க. ஆனா வியாபாரம் ஒரே வருஷத்துல ரெண்டு மடங்குக்கு மேல போச்சு. அதுல இருந்த அலுமினியம் குளோரைடுதான் இன்னைக்கும் கால் ரொம்ப வேர்க்கறவங்களுக்கு மருத்துவர் எழுதித் தர மருந்து. மருந்து நல்ல மருந்துதான். விக்க எடுத்த வழிதான் அப்படி.

1970-கள்ல ஓடர் ஈட்டர்ஸ்ங்கற கரி கலந்த உள்தளம் வந்துச்சு. கரி நாத்தத்தை உறிஞ்சிப் புடிச்சு வச்சுக்கும், ஆனா உண்டாகறதை நிறுத்தாது. நிரம்பினதும் அவ்வளவுதான். வெர்மான்ட் மாநிலத்துல மான்ட்பீலியர்ங்கற ஊர்ல 1970-களின் நடுவுல ஒரு விளையாட்டுச் சாமான் கடை விளம்பரத்துக்காக நாறின ஷூ போட்டி ஆரம்பிச்சுது. 1988-இல் இருந்து அதுக்கு ஸ்பான்சர் யாருன்னு நெனைக்கறீங்க? அதே ஓடர் ஈட்டர்ஸ். சின்னப் பசங்க நாறற ஷூவைப் போட்டுக்கிட்டு வரிசையில நிப்பாங்க. நாசாவுல விண்கலத்துக்குள்ள போற பொருளை மோந்து பாக்கற வேலையில இருந்த ஜார்ஜ் ஆல்ட்ரிச் நடுவரா வந்திருக்கார். அந்தப் பசங்க யாரும் வெக்கப்பட்டு நின்ன மாதிரி படங்கள்ல தெரியல. பல்லைக் காட்டிச் சிரிச்சுக்கிட்டுத்தான் நிக்கறாங்க.

நம்ம ஊருக்கும் இதுல ஒரு கை உண்டு. டெல்லிக்குப் பக்கத்துல ஷிவ் நாடார் பல்கலைக்கழகத்துல வடிவமைப்பு சொல்லித் தர விகாஷ் குமாரும் அவர் மாணவர் சார்த்தக் மிட்டலும், ஹாஸ்டல் வராண்டாவுல ஷூ எல்லாம் ரூமுக்கு வெளிய கிடக்கறதைப் பாத்து ஏன்னு யோசிச்சிருக்காங்க. (ஷிவ் நாடார் நம்ம திருச்செந்தூர் பக்கத்துக்காரர்ங்கறது உங்களுக்குத் தெரியும்.) இடம் இல்லாம இல்ல, நாத்தம்தான் காரணம். 149 மாணவர்கள்கிட்ட கேட்டாங்க. பாதிக்கு மேல தன் ஷூவோ அடுத்தவன் ஷூவோ நாறிச் சங்கடப்பட்டிருக்காங்க. அதனால ஷூ வைக்கற ஸ்டாண்டுலயே புற ஊதாக் கதிர் விளக்கைப் பொருத்திப் பாத்தாங்க. விளையாட்டுக்காரப் பசங்களோட ஷூவைத்தான் எடுத்தாங்க, விரல் இருக்கற முன்பக்கம் வெளிச்சம் படற மாதிரி. சில நிமிஷத்துலயே பாக்டீரியா காலி, நாத்தம் போச்சு. கால் மணி நேரம் விட்டா ரப்பர் கருகற வாடை. அவங்க துரத்தினது யாரைத் தெரியுமா? நம்ம கைட்டோகாக்கஸ் செடென்டேரியஸ். 2022-இல் எழுதின அந்த ஆய்வுக்கு 2025 செப்டம்பர்ல இக் நோபல் கிடைச்சப்ப ஆபீஸ் கேன்டீன்ல எல்லாரும் ஃபார்வேர்டு பண்ணிச் சிரிச்சாங்க. நானும் சிரிச்சேன், கொஞ்சமா.

சரி, செருப்பை என்ன பண்ணினேன்னு சொல்லணும்ல. முதல்ல கேள்விப்பட்ட வைத்தியமெல்லாம். ஆப்ப சோடா தூவினேன். ராத்திரியோட நாத்தம் போச்சு. காரணம் பத்தாம் வகுப்பு வேதியியல்தான். ஐசோவலெரிக் அமிலம், சோடா காரம், ரெண்டும் சேர்ந்தா உப்பு, உப்பு ஆவியாகி மூக்குக்கு வராது. ஆனா பாக்டீரியா உயிரோடதான் இருக்கு, ரெண்டாம் நாள் திரும்ப ஆரம்பிச்சுடுச்சு. வினிகரையும் சோடாவையும் சேர்த்து ஊத்துங்கன்னு ஒரு கூட்டம் சொல்லுது. அதைச் செய்யாதீங்க. பொங்கறதைப் பாக்க நல்லா இருக்கும், ஆனா ஒண்ணை ஒண்ணு தின்னுட்டு மிஞ்சறது கிட்டத்தட்ட உப்புத் தண்ணி. ஃப்ரீசர்ல வைக்கச் சொல்றாங்க. குளிர்ல பாக்டீரியா தூங்கும், சாகாது. அதுவும் போக, ரூம்மேட்டுங்க என்னைக் கொன்னுடுவாங்க. எலுமிச்சைப்புல் எண்ணெயைப் பத்தி மட்டும் நல்ல சேதி உண்டு. அதுல இருக்கற சிட்ரலும் அதைப் போல ரெண்டு மூணு வாசனைப் பொருளும் இந்த அமிலம் உண்டாகறதைக் குறைக்குதுன்னு 2006-இல் ஜப்பான்காரங்க எழுதியிருக்காங்க. ஆனா எண்ணெயை அப்படியே செருப்புல ஊத்தினா வழுக்கி விழுந்துருவோமே!

கடைசியில நடந்தது இது. தீபாவளிக்கு ஊருக்குப் போனப்ப அதே பச்சைச் செருப்பைத்தான் போட்டுட்டுப் போனேன். சோப்புத் தண்ணியில அலசி, நல்லாக் காயட்டும்னு மொட்டை மாடியில வெயில்ல வச்சிட்டுத் தூங்கிட்டேன். நுரைக்குச் சூடு ஆகாதுன்னு அப்பத் தெரியாது. குமிழ் வெச்சு உப்பின பொருள், சூடு பட்டாச் சுருங்கும். கார்ல விட்டாலும் அதே கதிதான். எந்திரிச்சுப் பாத்தா ஒரு சைஸ் குறைஞ்சு, முனை மேல தூக்கிக்கிட்டு, சர்க்கஸ் கோமாளி செருப்பு மாதிரி நிக்குது.

அப்பா பக்கத்துல வந்து நின்னு பாத்தார். "என்ன கண்ணு, இத வெயில்ல போட்டுட்ட? நெழல்ல, காத்துலல்ல காய வெக்கோணும்." அப்பறம் அவரே உக்காந்து சொல்ல ஆரம்பிச்சார். பழைய பல் துலக்கற பிரஷ்ல துணி சோப்பைத் தொட்டு அந்தப் புள்ளிகளுக்கு நடுவுல தேய்க்கணுமாம், அலசினா மட்டும் போகாதாம். காலையும் அதே மாதிரி விரலிடுக்கு வரைக்கும் தேச்சு, அதைவிட முக்கியம் துணியால ஒத்தி ஈரம் எடுக்கணுமாம். பூட்ஸ்னா உள்ள பழைய தினத்தந்தியைச் சுருட்டித் திணிச்சு, ரெண்டு மணி நேரத்துல எடுத்துட்டு புதுசு வைக்கணுமாம். சாக்ஸை மத்தியானம் சாப்பாட்டு நேரத்துல மாத்தணுமாம். "இத்தன தெரியுமாப்பா உங்களுக்கு?"ன்னு கேட்டேன். "எல்லாந் தெரியும். ஆனா இன்னொரு ஜோடி இருந்தாத்தான சாமி ஒண்ணு காயும்? விடிஞ்சா அதயேதான மாட்டோணும்."

தோல் மருத்துவர்களும் இதையேதான் சொல்றாங்க. ஒரே ஜோடியை அடுத்தடுத்த நாள் போடாதீங்க, ஒரு நாள் முழுசாக் காய விடுங்கன்னு. அத்தனை ஆராய்ச்சியும் படிச்சு முடிச்சுட்டு நான் வந்து நின்ன இடத்துல அவர் ஏற்கனவே உக்காந்திருந்தார். வெளிய ஐநூறு ரூபாய்க்குள்ள முடியற விஷயம் அந்த இன்னொரு ஜோடி.

பின்பக்கமா வரச் சொன்னதைப் பத்திப் பேசலாம்னு வாயெடுத்தேன். அவர் அதுக்குள்ள அந்தக் கோமாளிச் செருப்பை எடுத்துத் தன் கால்ல மாட்டிப் பாத்துக்கிட்டிருந்தார். அவருக்கு என்னைவிட ஒரு சைஸ் கம்மி. சரியா இருந்துச்சு. "நல்லாத்தான இருக்குது, தூக்கிப் போடாத, தோட்டத்துக்குப் போட்டுக்கறேன்"னு சொல்லிட்டு, முன்வாசல் படியில விட்டுட்டு உள்ள போனார்.

நான் இப்ப ரெண்டு ஜோடி வச்சிருக்கேன். ரெண்டும் நீலம். எது திங்கக்கிழமைச் செருப்பு, எது செவ்வாய்க்கிழமைச் செருப்புன்னுதான் இன்னும் குழப்பம் :)